நான் எடுக்காத இரவு

டேய்,

உனக்கு இப்போது மூன்று வயது. இதை எழுதும்போது நீ கட்டிலுக்கு அடியில் புகுந்து என் இசிஜி வயரின் கிளிப்பைக் கடித்துக்கொண்டிருக்கிறாய். நான் எழுதுவது உனக்கு அல்ல. இருபத்தைந்து வயதில் மீசையோடு என் எதிரில் உட்கார்ந்து, "அப்பா, இது என்ன?" என்று கேட்கப்போகிற ஆளுக்கு எழுதுகிறேன். அப்போது எனக்கு ஐம்பது தாண்டியிருக்கும். ஐம்பது தாண்டிய அப்பாக்களை எனக்குத் தெரியும். எதையும் கொஞ்சம் பாலிஷ் போட்டுத்தான் வெளியே எடுப்பார்கள். எனக்கு அதற்குப் பொறுமை கிடையாது. அதனால் இப்போதே எழுதிவிடுகிறேன்.

விஷயம் இதுதான். ஒரு படத்தில் ஒளிப்பதிவு என்று என் பெயர் போட்டிருக்கிறது. இனிஷியலோடு முழுப்பெயர். அந்தப் படத்தை நான் எடுக்கவில்லை. அந்தப் படப்பிடிப்பில் எஸ்தர் என்று ஒரு பெண் ஆற்றோடு போய்விட்டாள். நேற்று மத்தியானம் அவளுடைய அண்ணன் அந்தப் பெயரைத் தேடிக்கொண்டு நம் வீட்டுக்கு வந்தான். நான் அவனிடம் ஒரு பொய் சொன்னேன். ஞாயிற்றுக்கிழமை அவன் மறுபடியும் வருகிறான், அவன் அம்மாவைக் கூட்டிக்கொண்டு. அந்த அம்மா முன்னால் என் பொய் நிற்குமா என்று தெரியவில்லை. நிற்காவிட்டால் என்ன ஆகும் என்றும் தெரியவில்லை. பள்ளிக்கூடத்தில் உன் பெயரோடு என் பெயரின் முதல் எழுத்தைத்தான் சேர்க்கப்போகிறார்கள். ஆகவே அந்தப் பெயர் என்னோடு முடிகிற சமாசாரம் இல்லை. அது எப்படி அந்தப் படத்துக்குள் போனது, நேற்று ஏன் நான் அதை மறுக்கவில்லை என்பது உனக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

இன்றைக்கு நான் மருத்துவமனைகளில் இசிஜி இயந்திரங்களைப் பழுது பார்க்கிறவன். அதற்கு முன்னால் கேமரா அசிஸ்டென்டாக இருந்தேன். பாலிடெக்னிக்கில் எலெக்ட்ரானிக்ஸ் முடித்துவிட்டு, கேமரா வாடகைக்கு விடும் ஒரு கம்பெனியில் சேர்ந்து, கேமராவோடு கூடவே போகிற ஆளாகிவிட்டேன். வலியசாலைத் தெருவில் இருந்த என் அப்பாவுக்கு இதைச் சொல்லவே வெட்கம். யாராவது கேட்டால், "ஃபோட்டோ சம்பந்தமா ஏதோ பண்ணிண்டிருக்கான்" என்பார். அந்தச் சமயத்தில்தான் தொண்ணூறுகளின் கடைசியில், இத்தாலியிலிருந்து ஒரு கம்பெனி இங்கே பேய்ப்படம் எடுக்க வந்தது. தம்பானூரில் ஒரு லாட்ஜ் முழுவதையும் எடுத்துக்கொண்டார்கள். தினமும் விடியும் முன்னால் ஜீப்பில் வித்துரா வழியாக மலைக்குப் போவோம். ஒளிப்பதிவாளர் பெயர் ரெனாட்டோ. எழுபதை நெருங்கிய ஆள். யூனிட்டில் எல்லோரும் அவரைச் சாயிப்பு என்றுதான் கூப்பிட்டார்கள், மலையாளத்தில் வெள்ளைக்காரத் துரை. நான் அவருக்கு வெளிச்சத்தை அளக்கிற லைட் மீட்டரைப் பிடிக்கிறவன்.

ரெனாட்டோவைப் பற்றி நீ எங்கேயும் படிக்க முடியாது. அவருக்கே அவர் எத்தனை படம் எடுத்தார் என்று தெரியாது. ஜீப்பில் போகும்போது உடைந்த ஆங்கிலத்தில் சொல்லிக்கொண்டே வருவார். ரோமில் ஒரு ஸ்டூடியோவில் கேபிள் சுருட்டுகிற பையனாகச் சேர்ந்தார். அது வாளும் கேடயமுமாகப் பலசாலிகள் சண்டை போடுகிற படங்களின் காலம். பிளாஸ்டர் தூண்கள் கொஞ்சம் இருந்தன. அதே தூண்கள் ஒரு படத்தில் ரோம், அடுத்த படத்தில் எகிப்து, அதற்கு அடுத்ததில் கடலுக்கு அடியில் ஒரு நாடு. "நான் தூணை மாற்றவில்லை, நிழலை மாற்றினேன்" என்றார். பிறகு ஸ்பெயினில் வறண்ட பொட்டல் ஒன்றில் கௌபாய்க் குதிரைப் படங்கள். தண்டவாளம் போட்டுக் கேமராவைத் தள்ளப் பணம் இல்லை என்பதால் ஜூம் லென்ஸை இழுத்து இழுத்து எடுத்தார்கள். விமர்சகர்கள் அதைப் புதுப் பாணி என்று எழுதினார்கள். பிறகு கோட்டைக்குள் பேய்ப்படங்கள். ரோமுக்கு வெளியே ஒரே ஒரு கோட்டை. எல்லாக் கம்பெனிக்கும் அதே மாடிப்படி. அவர் அந்தப் படிக்குப் பச்சை வெளிச்சம் போட்டார், சுவருக்குச் சிவப்பு. பச்சை எங்கிருந்து வருகிறது என்று டைரக்டர் கேட்டாராம். "பயந்துகொண்டிருக்கிறவன் அதைக் கேட்க மாட்டான்" என்று இவர் சொன்னாராம். கறுப்புக் கையுறை போட்டவன் பெண்களைக் குத்துகிற படங்கள் ஒரு பத்து வருஷம் ஓடின. கத்தியில் வெளிச்சம் எப்போது பட வேண்டும் என்பது ஒளிப்பதிவாளருக்குத்தான் தெரியும் என்று, அந்தக் கையுறைக்குள் பெரும்பாலும் இவர் கையையே விட்டார்களாம். அதைச் சொல்லும்போது கையை நீட்டிக் காட்டுவார். ஒல்லியான, மச்சம் நிறைந்த கை.

அதற்குப் பிறகு சரிவு. காட்டுமிராண்டிப் படங்கள், பிலிப்பைன்ஸ் காட்டில் பட்டாளப் படங்கள், கல்குவாரியில் எடுத்த உலகம் அழிகிற படங்கள். வீட்டுக்கு வீடு டிவி வந்ததும் அவை ஓடிய தியேட்டர்களை மூடிவிட்டார்கள். எந்தத் தயாரிப்பாளர் எங்கே மலிவாக மலையும் மழையும் கிடைக்கும் என்று கண்டுபிடித்தாரோ அங்கே இவரும் போனார். அப்படித்தான் வித்துரா.

இன்னொன்று சொன்னார். அதை நீ கவனிக்க வேண்டும். அந்தப் படங்கள் எதிலும் அவருடைய சொந்தப் பெயர் கிடையாது. இத்தாலிக்காரன் எடுத்த குதிரைப் படத்தை இத்தாலிக்காரனே பார்க்க மாட்டான் என்று எல்லோரும் அமெரிக்கப் பெயர் வைத்துக்கொள்வார்களாம். டைரக்டர், நடிகர், ஒளிப்பதிவாளர் எல்லோரும். அது அங்கே வழக்கம். ஆரம்பத்தில் டெலிபோன் புத்தகத்தைப் பார்த்துப் பெயர் வைத்தார். பிறகு அலுத்துப்போய், தனக்கென்று ஒரு விதி வைத்துக்கொண்டார். எவன் என் ஷாட்டைக் கெடுக்கிறானோ, அந்தப் படத்தில் அவன் பெயர்தான் எனக்கு. ஸ்பெயினில் ஒரு குதிரைக்காரன், குதிரை நொண்டுகிறது என்று ஷாட்டின் நடுவில் கையைக் காட்டி நிறுத்தினானாம். குதிரை நொண்டவில்லை. "அந்தப் படத்தில் நான் அவன்" என்று சிரித்தார். நானும் சிரித்தேன்.

இனி ஆற்றுக்கு வருகிறேன். அந்தப் படத்தில் பாதிக்கு மேல் இரவு. காட்டுக்குள் ஜெனரேட்டரும் பெரிய விளக்குகளும் கொண்டுபோக வழியில்லை. அதனால் ரெனாட்டோ இரவைப் பகலில் எடுத்தார். நல்ல உச்சி வெயிலில், லென்ஸுக்குள் வருகிற வெளிச்சத்தைச் சுருக்கி, நீல ஃபில்டர் போட்டு, வானம் படத்துக்குள் வராமல் பார்த்துக்கொண்டால், திரையில் அது நிலா வெளிச்சம். வெயில் எவ்வளவு உக்கிரமோ அவ்வளவு நல்ல நிலா. கடைசியில் திரையில் எப்படித் தெரியும் என்று பார்க்க, ஒற்றைக் கண்ணில் வைத்துக்கொள்கிற கருநீலக் கண்ணாடி ஒன்று உண்டு. கயிற்றில் கட்டிக் கழுத்தில் தொங்கவிடுவார்கள். மற்ற ஒளிப்பதிவாளர்கள் அதைத் தங்களுக்கு மட்டும் வைத்துக்கொள்வார்கள். ரெனாட்டோ எல்லோருக்கும் ஒன்று கொடுத்தார். டைரக்டர், மேக்கப்காரர், துணிமணி பார்க்கிறவர்கள், கரையில் ஆற்றைக் கவனிக்க நிறுத்திய ஆள்வரை எல்லோரும் ஷாட் ஓடும்போது அதன் வழியாகத்தான் பார்க்க வேண்டும். "எல்லோரும் ஒரே இரவுக்குள் இருக்க வேண்டும், அப்போதுதான் தப்பு உடனே தெரியும்" என்பார். துணியில் ஒரு வெள்ளைப் பொத்தான் மினுங்கினால்கூட யாராவது கண்டுபிடித்துவிடுவார்கள். உண்மையிலேயே நன்றாக வேலை செய்த முறை அது. நான் மட்டும் அதைப் போடவில்லை. மீட்டரைக் கண்ணில் வைக்கிறவனுக்கு இன்னொரு கண்ணாடிக்கு இடமில்லை.

ஷாட் இதுதான். மஞ்சள் முடிக்காரி ஒருத்தி, நீளமான வெள்ளை அங்கியில், கேமராவுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு ஆற்றுக்குள் இறங்கி, நீரோட்டத்தோடு நடந்து தூரமாகப் போக வேண்டும். நடிகைக்கு அட்டைப்பூச்சி என்றாலே மயக்கம். அதனால் டூப். அந்த டூப் உன் அம்மா. காலேஜில் நீச்சலில் மெடல் வாங்கியவள், நெடுமங்காட்டு மலையாளப் பெண். நாங்கள் பேச ஆரம்பித்துச் சில வாரம்தான் ஆகியிருந்தது. அவளுக்கு விக்கைச் சரிசெய்து, அங்கியைப் பிழிந்து உலர்த்துகிற வேலைக்கு வித்துராவிலிருந்து எடுத்த பெண்தான் எஸ்தர். எஸ்டேட்டில் வேலை பார்த்த தமிழ்க் குடும்பம். துறுதுறுவென்று பேசுவாள். அந்த ஆற்றிலேயே குளித்து வளர்ந்தவள். அங்கியைக் கொடியில் போட்டுக்கொண்டே ஒருநாள் சொன்னாள்: "மேல மலையில மழ பெஞ்சா இங்க வெயிலடிச்சிட்டிருக்கும்போதே தண்ணி வரும் சாரே. சத்தமெல்லாம் பெறகு. மொதல்ல நெறம் மாறும். டீத்தூள் போட்ட மாதிரி. அப்போ துணிய விட்டுட்டு ஓடிரணும்."

"நீ ஓடியிருக்கியா?" என்று உன் அம்மா கேட்டாள்.

"துணிய விட்டுட்டு ஓடுனதுக்கு வீட்ல கிட்டின அடி ஆத்துல போயிருந்தாலும் கிட்டியிருக்காது சேச்சி" என்றாள்.

முதல் நாள். உன் அம்மா இடுப்பளவு தண்ணீரில் நடந்துகொண்டிருந்தாள். கேமரா ஓடிக்கொண்டிருந்தது. தலையைக் குனியக்கூடாது, குனிந்தால் விக் வழுக்கும் என்பதால் தூரத்து மரம் ஒன்றைப் பார்த்துக்கொண்டே போனாள். நான் மீட்டரைக் கண்ணில் வைத்துத் தண்ணீரை அளந்துகொண்டிருந்தேன். அளவு மெல்ல ஏறியது. வெயில் அப்படியே இருக்கிறது, மேகம் இல்லை, யாரும் ரிஃப்ளெக்டரை அசைக்கவில்லை. வெளிச்சம் மாறவில்லை என்றால் மாறியது வெளிச்சம் படுகிற பொருள். கலங்கிய தண்ணீர் தெளிந்த தண்ணீரைவிட அதிகம் பிரதிபலிக்கும். மீட்டரை இறக்கிவிட்டுப் பார்த்தேன். பாறையைச் சுற்றி டீத்தூள் நிறம். கரையில் எல்லோரும் ஒற்றைக் கண்ணில் நீலக் கண்ணாடியோடு அதே தண்ணீரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்கள். நீலத்தின் வழியாகப் பழுப்பு தெரியாது. கறுப்பாகத்தான் தெரியும். ஏற்கெனவே கறுப்பாகத்தான் தெரிந்துகொண்டிருந்தது. அத்தனை பேரும் அழகான ஓர் இரவைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள்.

நான் லென்ஸ் மேல் கையை வைத்து மூடினேன். அவள் பெயரைச் சொல்லிக் கத்தினேன். ஓடுகிற கேமராவின் லென்ஸை அசிஸ்டென்ட் கையால் மூடுவது, ஆபரேஷன் நடக்கும்போது டாக்டர் கையைப் பிடித்து இழுக்கிற மாதிரி. உன் அம்மா நீந்திக் கரையேறிவிட்டாள். எல்லோரும் பாறைமேல் ஏறி நின்று காத்திருந்தோம். ஒன்றும் வரவில்லை. கொஞ்ச நேரத்தில் தண்ணீர் தெளிந்தது. மேலே எங்கேயோ கரை இடிந்திருக்கும், அல்லது எருமை இறங்கியிருக்கும். புரொடக்‌ஷன் மேனேஜர் என் தோளில் தட்டி, "எந்தா எஞ்சினீயரே, மீட்டர்ல வெள்ளப்பொக்கமும் தெரியுமோ?" என்றார். யூனிட்டே சிரித்தது. லைட்பாய் ஒருவன், "அண்ணனுக்குப் பொண்ணு தண்ணியில நின்னா மீட்டர் தன்னால ஏறும்" என்றான். அதற்கு இன்னும் பெரிய சிரிப்பு. எஸ்தர் மட்டும் சிரிக்கவில்லை. தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

ரெனாட்டோ கத்தவில்லை. "என் இரவைக் கொன்றுவிட்டாய்" என்றார். பிறகு என் முழுப்பெயரைக் கேட்டார். சொன்னேன். நாக்கு சரியாகப் புரளும்வரை வாய்க்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டார். அன்று சாயங்காலமே என்னை அனுப்பிவிட்டார்கள். உன் அம்மா, "எனிக்கும் ஈ பணி வேண்டா" என்று விக்கை மேனேஜர் கையில் கொடுத்துவிட்டு என்கூடவே ஜீப்பில் ஏறிவிட்டாள்.

மறுநாள் அதே ஷாட். உச்சி வெயில். மீட்டரைப் பிடிக்க பிஜு என்ற பையனை நிறுத்தினார்கள். என் நண்பன். விக்கும் அங்கியும் எஸ்தருக்கு. உயரம் ஒன்றுதான், ஆறும் அவளுக்குத் தெரியும் என்றார்கள். அவளும் சந்தோஷமாகத்தான் போனாளாம். பிஜு அப்புறம் என்னிடம் வந்து சொன்னது இது: "அளவு ஏறிச்சு அண்ணே. நான் கண்டதாக்கும். நெறமும் கண்டேன். நேத்தத்த மாதிரிதான் இருக்கும்னு நினைச்சேன். கையப் பொக்கித் தடுத்தா என்னையும் ஜீப்பில ஏத்திருவாங்க இல்லியா." பிறகு, "அவளும் கண்டிருப்பா அண்ணே. காலுக்குக் கீழ வர்றதில்லியா. நின்னா எல்லாரும் சிரிப்பாங்கன்னு நடந்தாளோ என்னமோ" என்றான். தண்ணீர் வந்தது. நனைந்த அங்கியின் பாரத்தில் அவளால் கரையேற முடியவில்லை. சாயங்காலம் கீழே மணல் திட்டில் கண்டெடுத்தார்கள். ரெனாட்டோ கரையிலேயே கேமராவின் மேகசின் டப்பாவைத் திறந்து, அன்று எடுத்த ஃபிலிமை வெயிலில் இழுத்து இழுத்துப் போட்டாராம். யாரும் தடுக்கவில்லை. விபத்து என்று எழுதி முடித்தார்கள். கொஞ்ச நாளில் கம்பெனி ஊரைக் காலி செய்துவிட்டது.

இதை நான் மனசுக்குள் பலமுறை போட்டுப் பார்த்திருக்கிறேன். முதல் நாள் நான் சும்மா இருந்திருந்தால் ஷாட் முடிந்திருக்கும். அன்று தண்ணீர் வரவில்லை. மறுநாள் யாரும் ஆற்றில் இறங்கியிருக்க மாட்டார்கள். பிஜு வாயைத் திறக்காமல் போனதும் எனக்கு விழுந்த சிரிப்பால்தான். ஆனால் அந்த நிறத்தைப் பார்த்தபிறகு நான் கையை வைத்தது சரி. இன்றைக்கும் வைப்பேன். நீயும் வைக்க வேண்டும். சரியாகச் செய்தால் சரியாக முடியும் என்று பள்ளிக்கூடத்தில் உனக்குச் சொல்லித் தருவார்கள். அதை நம்பாதே, ஆனாலும் செய். ஒரே ஒரு கேள்விக்கு மட்டும் என்னிடம் அளவு இல்லை. முதல் நாளே தண்ணீரில் நின்றது எஸ்தராக இருந்திருந்தால் என் கை அவ்வளவு வேகமாகப் போயிருக்குமா? போயிருக்கும் என்று சொல்ல ஆசைதான். அந்த லைட்பாய் சொன்ன ஜோக் அவ்வப்போது காதில் விழுகிறது.

அதற்குப் பிறகு நான் கேமராவைத் தொடவில்லை. உன் அம்மாவைக் கல்யாணம் செய்துகொண்டேன். முதல்முதலாக அவளை வலியசாலைக்குக் கூட்டிப்போனபோது என் அப்பா, "நீச்சல் அடிக்கற பொண்ணா? நம்மாத்துல கிணறுகூட இல்லையேடா" என்றார். அவருடைய சம்மதம் அவ்வளவுதான். ரெனாட்டோ உயிரோடு இருக்கிறாரா தெரியாது. படம் வந்ததா என்றும் நான் விசாரிக்கவில்லை.

நேற்று மத்தியானம் கதவைத் தட்டியது சாமுவேல். எஸ்தருடைய அண்ணன். வித்துராவிலிருந்து எஸ்டேட்டுக்கு ஜீப் ஓட்டுகிறவன். வலியசாலையில் விசாரித்து இந்த வீட்டைக் கண்டுபிடித்திருக்கிறான். செருப்பை வெளியே கழற்றிவிட்டு, நாற்காலியின் ஓரத்தில் உட்கார்ந்து, பைக்குள்ளிருந்து ஒரு விசிடியை எடுத்தான். அட்டையில் மஞ்சள் முடி, ரத்தம், கீழே சின்ன எழுத்தில் பெயர்கள்.

"சாரே, இதுல எழுதியிருக்கறது உங்க பேருதானே?"

பார்த்தேன். தப்பில்லாமல் போட்டிருந்தார் ரெனாட்டோ. "பேர் என்னுதுதான். ஆனா..."

"நான் சண்டைக்கு வரல. கேஸுக்கும் வரல. ஒரு காரியம் கேக்கத்தான் வந்தேன். இத ஒண்ணு போடுங்க, காட்டுறேன்."

போட்டேன். அவனே ரிமோட்டை வாங்கி ஓட்டி, இடம் தெரிந்தவன் போல் நிறுத்தினான். நீல இரவு. நிலா வெளிச்சத்தில் ஆறு. வெள்ளை அங்கியில் ஒருத்தி முதுகைக் காட்டிக்கொண்டு நடந்து போகிறாள். சமையலறை வாசலில் நின்ற உன் அம்மா, சத்தமில்லாமல் பக்கத்தில் இருந்த முக்காலியில் உட்கார்ந்தாள். திரையில் நடந்தவள் உன் அம்மாதான். படத்தின் வலது ஓரத்திலிருந்து ஓர் இருட்டு வந்து ஆற்றையும் அவளையும் மூடியது. பார்க்கிறவனுக்கு அது காட்சி முடிகிற இருட்டு. அது என் கை. மறுநாள் ஃபிலிமை வெயிலில் போட்டுவிட்டு, முதல் நாள் கெட்டுப்போன ஷாட்டைத்தான் அந்த ஆள் படத்தில் வைத்திருக்கிறார்.

"அம்மைக்கு இதுதான் சாரே" என்றான் சாமுவேல். "எஸ்தருக்கு வேற நல்ல படம் ஒண்ணும் இல்ல. ஸ்கூல்ல எடுத்த ஒண்ணு உண்டு, அதுல கண்ண மூடிட்டா. தினமும் சாயங்காலம் ஜெபம் முடிஞ்சதும் இத போடணும். போடாட்டி சோறு எறங்காது. மொகம் காணலேன்னாலும் நடை அவளேதான்னு அம்மை சொல்லும். தோள வெட்டி வெட்டி நடக்குற நடை எம் புள்ளைக்கி மட்டும்தான் உண்டும்பா." திரையில் இருட்டு அப்படியே நின்றது. "இதுக்குப் பெறகு உள்ளது உங்க கையில இருக்குமில்லியா? எடுத்த ஆளு நீங்கதானே. ஒரு தடவையாவது திரும்பிப் பாத்திருப்பா."

என்னைத் தெரியும் உனக்கு. நான் சுற்றி வளைக்கிற ஆள் இல்லை. கெட்டுப்போன இயந்திரத்தைக் கெட்டுப்போனது என்று பெரிய டாக்டர் முகத்துக்கு நேராகச் சொல்லி வசவு வாங்குகிறவன். இரண்டு வரி போதும். நான் எடுக்கவில்லை, இது உன் தங்கை இல்லை. என் பெயர் சுத்தமாகிவிடும். உன் பெயரும். வாயைத் திறந்தேன். உன் அம்மா என்னைப் பார்க்கவில்லை, தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"பெறகு உள்ளது இல்லப்பா. ஃபிலிம் வெயில் பட்டுப் போச்சு" என்றேன். அது உண்மை.

"ஒண்ணுமே இல்லியா?"

"ஒண்ணுமே இல்ல."

ரிமோட்டைக் கீழே வைத்தான். "ஒரு ஆளு அம்மைகிட்ட சொல்லிட்டான் சாரே, அது வேற பொண்ணா இருக்கும்னு. ரெண்டு நாளா படுத்துக் கெடக்கு. எடுத்தவங்க வாயால கேட்டா எழுந்திரிக்கும். இது எஸ்தர்தானே?"

"எஸ்தர்தான்."

"எடுத்தது நீங்கதானே?"

"ஆமா."

அவன் தலையாட்டினான். விசிடியை வெளியே எடுத்து, விளிம்பைப் பிடித்து, சட்டையில் துடைத்து, உறைக்குள் போட்டான். எல்லாம் நிதானமாக. பிறகு சொன்னான்: "அப்போ தண்ணி வந்தப்போ கேமராவுல கண்ணு வச்சிருந்தது நீங்க."

அதை நான் எதிர்பார்க்கவில்லை. எதிர்பார்த்திருக்க வேண்டும். ஒரு பக்கம் ஆமா என்றால் மறுபக்கமும் ஆமாதான்.

"ஆமா" என்றேன்.

அவன் என்னை அடித்திருந்தால் எளிதாக இருந்திருக்கும். எழுந்தான். வாசலில் நீ பேனாவை வைத்துக்கொண்டு நின்றாய். உன் தலையில் கையை வைத்தான். பெரிய, ஸ்டீயரிங் பிடித்துக் காய்த்த கை. "மகனா? ஒண்ணே ஒண்ணுதானா?" என்றான். நான் பதில் சொல்லும்வரை கையை எடுக்கவில்லை. பிறகு, "அம்மைக்கு உங்கள ஒரு தடவ காணணும் சாரே. அவள கடைசியா கண்ட ஆளு அல்லே. ஞாயித்துக்கிழம ஆராதனை முடிஞ்சதும் கூட்டிட்டு வரேன்" என்றான். வரட்டுமா என்று கேட்கவில்லை.

அவன் போனபிறகு உன் அம்மா வெகுநேரம் முக்காலியிலேயே இருந்தாள். நான்தான் ஆரம்பித்தேன், நான் சொன்னது தப்பா என்று.

"தப்போ சரியோ, சொல்லியாச்சு" என்றாள். "ஆனா அந்த அம்மை தினம் பாக்கறது என்ட நடையாக்கும். இங்க வந்து, நான் சாயா எடுக்க எழுந்திரிச்சு நாலடி வச்சா போதும். மத்தவங்களுக்குத் தெரியாது. அவங்களுக்குத் தெரியும்."

"நீ அன்னிக்கு நெடுமங்காட்டுக்குப் போயிரு."

"பெஞ்சாதி எங்கேன்னு கேக்க மாட்டாங்களா? அவன் என்னைக் கண்டாச்சு." கொஞ்சம் யோசித்தாள். "நான் கட்டில்லயே இருக்கேன். சாயா நீங்க கொடுங்க. குஞ்ஞு என்ட மடியில இருக்கட்டும். பிள்ளை மடியில இருந்தா எழுந்திரிக்காததுக்கு யாரும் ஒண்ணும் சொல்ல மாட்டாங்க."

ஆகவே பெரிய மனுஷா, இதைப் படிக்கும்போது உன் பெயரோடு ஒட்டியிருக்கிற அந்தப் பெயரை யாராவது எங்கேயாவது காட்டி, இந்தப் படத்தை எடுத்தது உன் அப்பாவா என்று கேட்டால், ஆமாம் என்று சொல். அந்த அம்மா உயிரோடு இருக்கிறவரைக்கும் அதுதான் பதில். அதற்குப் பிறகு உன் இஷ்டம். சாமுவேல் என்ன நினைக்கிறான் என்று எனக்குத் தெரியாது. அவன் கை உன் தலைமேல் இருந்த அந்த நேரத்தை என்னால் மறக்க முடியவில்லை. உனக்கு அது நினைவிருக்காது.

ஞாயிற்றுக்கிழமையும் உனக்கு நினைவிருக்கப்போவதில்லை. ஆனாலும் இப்போது கட்டிலுக்கு அடியில் இருக்கிற உன்னிடம் கேட்டுக்கொள்கிறேன். அவர்கள் வந்து போகிறவரை அம்மா மடியை விட்டு இறங்காதே. நீ இறங்கி ஓடினால், உன்னைப் பிடிக்க அவள் எழுந்து வருவாள்.